ஞாயிற்றுக்கிழமை விலை

கார் வியாபாரத்தில் இருக்கிற யாரிடமாவது அவளுடைய சொந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால் முழிப்பார்கள். ‘ரேடியோ’ என்று சொன்னால்தான் தெரியும். அந்தப் பெயரை வைத்தது அவளுடைய அண்ணன். செகண்ட் ஹேண்ட் கார் விற்கும் அவருடைய யார்டில் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே, வந்த போனையெல்லாம் எடுத்துப் பேசிப் பேசி அவளுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. அப்போதும் விடாமல் கரகரவென்று பேசிக்கொண்டிருந்தாள். “சிக்னல் சரியில்லாத ரேடியோ மாதிரி இருக்கு, ஆனா நிக்க மாட்டேங்குதே” என்றார் அண்ணன். தொண்டை சரியாகிவிட்டது, பெயர் ஒட்டிக்கொண்டது.

அதற்கு முன்னால் அவள் ஒரு டெலிபோன் கம்பெனியில் புகார் கேட்கிற வேலையில் இருந்தாள். காலையிலிருந்து மாலை வரை ஊரார் திட்டுவதை வாங்கிக்கொண்டு மன்னிப்புக் கேட்பதற்குச் சம்பளம். அந்த வேலையை இயந்திரமே செய்யும் என்று கம்பெனி கண்டுபிடித்ததும் வீட்டில் உட்கார்ந்தாள். கணவர் நகரப் பேருந்து ஓட்டுநர். மகள் அப்போதுதான் பெரிய பள்ளிக்கூடத்தில் சேர்ந்திருந்தாள். அண்ணன் ரொம்ப யோசிக்கவில்லை. “வாயுள்ள பிள்ளை பிழைக்கும். நாளைக்குக் காலையில யார்டுக்கு வந்துடு” என்றார்.

யார்டு நகரத்தைச் சுற்றிப் போகும் பெரிய சாலையில் இருந்தது. அங்கே பெட்ரோல் பங்கைத் தாண்டினால் இரண்டு பக்கமும் கார் யார்டுகள்தான். எல்லா யார்டிலும் கம்பத்துக்குக் கம்பம் கயிறு கட்டி வண்ண பிளாஸ்டிக் கொடிகள் தொங்கும். தினமும் திறப்பு விழா நடக்கிற மாதிரி இருக்கும். கப்பலில் வந்த ஒரு இரும்புப் பெட்டகத்தை வாங்கி, ஜன்னல் வெட்டி, அண்ணன் ஆபீஸாக்கியிருந்தார். வெயில் ஏறினால் அது அடுப்பு, மழை பெய்தால் மேளம். நடுவில் ஒரு பலகைத் தடுப்பு. தடுப்புக்கு இந்தப் பக்கம் தங்கச்சி, அந்தப் பக்கம் அண்ணன். ஒருவர் தும்மினால் மற்றவர் ஆயுசு நூறு சொல்லலாம்.

அந்தப் பெட்டகத்துக்குள் உட்கார்ந்துதான் அவள் வியாபாரத்தின் முதல் பாடத்தைப் படித்தாள். ஒரு காருக்கு மூன்று விலை உண்டு. கண்ணாடியில் ஒட்டியிருப்பது ஒன்று. விற்கிறவன் மனசில் வைத்திருப்பது இன்னொன்று. கடைசியில் கைகுலுக்கி முடிப்பது மூன்றாவது. அந்த மூன்றாவதுதான் உண்மையான விலை. ஆனால் அதை யாரும் வெளியில் சொல்வதில்லை. வாங்கினவன் கெட்டிக்காரன் என்று பெயர் வாங்குவதற்காகக் குறைத்துச் சொல்வான், விற்றவன் அதற்காகவே கூட்டிச் சொல்வான். நாடு முழுக்க ஆயிரக்கணக்கான கார் கைமாறும், என்ன விலைக்கு என்று கேட்டால் ஆளுக்கொரு கதை வரும்.

அவள் சேர்ந்து சில வருஷம் கழித்து அரசாங்கம் கார் இறக்குமதியை நிறுத்தியது. வெளிநாட்டுக்குக் கட்டப் பணமில்லை, நிலைமை சீராகும் வரை புதுக் கார் எதுவும் துறைமுகத்தில் இறங்காது என்றார்கள். அந்த நாட்டில் கார் செய்கிற தொழிற்சாலை கிடையாது. உள்ளே இருக்கிற கார்கள்தான் இனி என்று ஆனதும், ஊரில் இருந்த ஓட்டை உடைசலுக்கெல்லாம் மவுசு வந்துவிட்டது. வருஷம் ஆக ஆக விலை இறங்குவது கார்களின் இயல்பு. அது தலைகீழாகிப் போனது. நாலு லட்சத்துக்கு வாங்கி ஏழு வருஷம் ஓட்டின காரை எட்டு லட்சத்துக்கு விற்றார்கள். யானை இருந்தாலும் ஆயிரம் பொன், இறந்தாலும் ஆயிரம் பொன் என்பதை அவள் கண்ணாரப் பார்த்தாள். மரத்தில் மோதி முன்பக்கம் நசுங்கின வண்டிக்குக்கூட மூன்று பேர் போட்டி போட்டார்கள். சில பேர் காரை ஓட்டுவதையே விட்டுவிட்டு, உறை போட்டு மூடி, நகையைப் பெட்டியில் வைப்பதுபோல வீட்டு வாசலில் வைத்துக்கொண்டு, வேலைக்குப் பேருந்தில் போனார்கள். அவள் கணவர் தினம் ஒரு கதையோடு வருவார். “இன்னிக்கும் அந்த வக்கீல் என் பஸ்லதான் தொங்கிட்டு வந்தாரு. கார் பத்திரமா தூங்குதாம்.”

அண்ணனுக்கு அது பொற்காலம். பக்கத்து மனையையும் வாடகைக்கு எடுத்தார். கிடைத்த காரையெல்லாம் வாங்கி நிறுத்தினார். இன்றைக்கு வாங்கினால் அடுத்த மாதம் கூடுதலாகப் போகும். தொட்டதெல்லாம் துலங்கியது. கை நிறைந்தபோது அவர் யாரையும் மறக்கவில்லை. தங்கச்சிக்குச் சம்பளத்தை உயர்த்தினார், அவள் மகளைக் கல்லூரியில் சேர்க்கிற செலவைக் கேட்காமலே ஏற்றுக்கொண்டார். “நான் பெத்திருந்தா செய்ய மாட்டேனா?” என்று ஒரே வார்த்தையில் பேச்சை முடித்தார். அண்ணனைப் பற்றி யார் குறை சொன்னாலும் அவளுக்குக் கோபம் வரும்.

அந்தக் காலத்தில்தான் கேக் செய்கிற பெண்மணி ஒருத்தி யார்டுக்கு வரப்போக இருந்தாள். பிறந்தநாளுக்கும் கல்யாணத்துக்கும் அடுக்கடுக்காகக் கேக் செய்து வீடு வீடாகக் கொண்டுபோய்க் கொடுக்கிற தொழில். பேருந்தில் மடியில் வைத்துக்கொண்டு போவாள். ஒரு தடவை ஓட்டுநர் திடீரென்று பிரேக் போட்டதில் மூன்றடுக்குக் கேக்கின் மேலடுக்கு, முன் சீட்டில் இருந்த பெரியவர் தோளில் போய் உட்கார்ந்துவிட்டது. (“அந்த டிரைவர் நானில்லை” என்று ரேடியோவின் கணவர் பிற்பாடு சத்தியம் செய்தார்.) சின்னதாக ஒரு கார் இருந்தால் போதும் என்பது அவள் ஆசை. முதலில் வந்தபோது ஆறு லட்சம் என்றார்கள். சேர்த்துக்கொண்டு வந்தாள். அதற்குள் எட்டாகியிருந்தது. திரும்பிப் போய் இன்னும் சேர்த்தாள். ஆமை முயலைத் துரத்துகிற கதைதான். இந்த முயல் நடுவில் தூங்கவே இல்லை.

மூன்றாவது தடவை அவள் வந்த காலை, யார்டுக்குத் துறைமுகத்திலிருந்து ஒரு போன் வந்திருந்தது. கப்பல் ஏஜெண்ட் ஒருவர், அண்ணனுக்குப் பழக்கமானவர், இறக்குமதியைத் திறந்துவிடப் போகிறார்கள் என்று சொன்னார். பேப்பரில் வர இன்னும் சில நாள் ஆகும், ஆனால் முதல் கப்பலுக்கு இப்போதே இடம் பிடிக்கிறார்கள், பெரும்பாலும் சின்னக் கார்கள் என்றார். போனை எடுத்தவள் ரேடியோ. தடுப்புக்கு அந்தப் பக்கம் போய் அண்ணனிடம் சொன்னாள். அவர் எழுந்து ஜன்னல் வழியாக வெளியே நின்ற வண்டிகளை எண்ணினார். பிறகு, “இருக்கிற சின்ன வண்டியை எல்லாம் இந்த வாரத்துக்குள்ள தள்ளிடணும். யார்கிட்டயும் மூச்சு விடாதே” என்றார்.

அவள் தன் இடத்தில் வந்து உட்காரவும் கேக்காரம்மா கதவைத் திறக்கவும் சரியாக இருந்தது.

“இந்தத் தடவை விடமாட்டேங்க” என்றாள் சிரித்துக்கொண்டே. “நேத்து போன்ல பத்தேகால் சொன்னீங்கல்ல? கொண்டாந்துட்டேன். அந்தச் சிவப்பு வண்டி இருக்கா?”

சிவப்பு வண்டி ஜன்னலுக்கு வெளியே நின்றது. ரேடியோவுக்கு, வாழ்க்கையில் முதல் தடவையாக, வாய் வரவில்லை. கேக்காரம்மாவின் விரல் நுனியில் பச்சைச் சாயம் ஒட்டியிருந்தது. விடியற்காலையில் யாருடைய கேக்கிலோ இலை வரைந்துவிட்டு, கையைச் சரியாகக் கழுவக்கூட நேரமில்லாமல் ஓடி வந்திருக்கிறாள்.

“கொஞ்சம் பொறுங்களேன்” என்றாள் ரேடியோ. குரலைத் தாழ்த்திக்கொண்டுதான் சொன்னாள்.

“ஏங்க? வித்துப்போச்சா?”

“இல்லை. இருக்கு. ஆனா… ஒரு ஆறு மாசம் பொறுத்து வாங்குங்க. சொல்றேன்ல.”

அவளுடைய தாழ்ந்த குரல் என்பது மற்றவர்களுடைய சாதாரணக் குரல். பலகைத் தடுப்பு வேறு. கேக்காரம்மா ஒன்றும் புரியாமல் போனதும் அண்ணன் இந்தப் பக்கம் வந்தார். கத்தவில்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது.

“என் கடையில உக்காந்துக்கிட்டு என் சரக்கை வாங்காதேன்னு சொல்றியா?”

“வாங்காதேன்னு சொல்லலைண்ணா. பொறுங்கன்னு சொன்னேன்.”

“ரெண்டும் ஒண்ணுதான்னு உனக்கே தெரியும்.”

தெரியும். 

“யாரோ ஒருத்திக்காக என் வயித்துல அடிச்சுட்டியேம்மா. நான் உனக்கு என்ன குறை வச்சேன்?”

“நீங்க ஒரு குறையும் வைக்கலை. அவளும் எனக்கு ஒரு குறையும் வைக்கலையேண்ணா. விலை இறங்கப் போகுதுன்னு தெரிஞ்சுக்கிட்டே எப்படி அவகிட்ட பணத்தை வாங்கறது?”

அண்ணன் வெளியே போய், சிவப்பு வண்டியின் மேல் கையை ஊன்றிக்கொண்டு, முதுகைக் காட்டி நின்றார். அவள் கைப்பையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். போ என்று அவர் சொல்லவில்லை, இரு என்றும் சொல்லவில்லை.

வீட்டில் கணவர் விஷயத்தைக் கேட்டுவிட்டு, “சரி, ரேடியோவுக்கு ஸ்டேஷன் மாத்தணும், அவ்வளவுதானே” என்றார். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அண்ணனிடம் போய் மன்னிப்புக் கேட்டுவிடலாமா என்று அந்த வாரம் பல தடவை செருப்பை மாட்டிக் கழற்றினாள். மன்னிப்புக் கேட்பது அவளுக்குப் பழகின வேலைதான். ஆனால் எதற்காக என்று யோசித்தால் வார்த்தை நின்றுபோகும்.

இறக்குமதிச் செய்தி பேப்பரில் வந்த அன்று கேக்காரம்மா போன் செய்தாள். அழுதாளா சிரித்தாளா என்று தெரியவில்லை. “என் பல வருஷ உழைப்பைக் காப்பாத்திட்டீங்க” என்றாள். பிறகு, “இப்ப எப்போ வாங்கலாம்?” என்றாள். மறுநாள் அவளுடைய நாத்தனார் போன் செய்தாள். அதற்கு மறுநாள் நாத்தனாரின் ஆபீஸில் ஒருவர். எல்லோருக்கும் அதே கேள்விதான், வாங்கலாமா, விற்கலாமா, என்ன விலைக்கு?

‘எனக்கென்ன தெரியும்’ என்று சொல்லிவிடலாம். ஆனால் அவளுக்குத் தெரிந்துகொள்ள ஒரு வழி இருந்தது. இத்தனை வருஷத்தில் அவள் பேசி முடித்துக்கொடுத்த கார்கள் நாட்டின் மூலைமுடுக்கெல்லாம் ஓடிக்கொண்டிருந்தன. அவற்றை வாங்கினவர்களில் பலர் இன்னும் பழக்கம் விடாதவர்கள். ஒவ்வொருவராகக் கூப்பிட்டாள். “உங்க பக்கம் இந்த வாரம் யாராவது கார் வித்தாங்களா? கண்ணாடியில ஒட்டின விலை வேண்டாம். கைகுலுக்கின விலை சொல்லுங்க. பேரு வெளியில வராது.” பேர் வராது என்றதும் ஆட்கள் உண்மையைச் சொன்னார்கள். பெருமை பேசி ஆகவேண்டியது ஒன்றுமில்லை என்று ஆகிவிட்டால் மனிதர்களுக்கு உண்மை சொல்வது ஒன்றும் அவ்வளவு கஷ்டமில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை, அடுப்பில் தேநீர் கொதிக்கும்போது, கேட்டவர்களுக்கெல்லாம் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருக்க முடியாமல், போனில் ஒரே குரல் செய்தியாகப் பதிந்து அனுப்பினாள். “வணக்கம். இந்த வாரம் கைகுலுக்கின விலை சொல்றேன். சின்ன கார், பழசு, ஒம்பதரைக்கு முடிஞ்சிருக்கு. போன வாரம் பத்து. பெரிய டீசல் வண்டி அசையலை. துறைமுகத்துப் பக்கம் எல்லாமே கொஞ்சம் கம்மி. கப்பல் முதல்ல அவங்க கண்ணுக்குத்தானே தெரியும்! மலைப்பக்கத்துக்கு அந்தச் சேதி இன்னும் ஏறிப் போகலை. இவ்வளவுதான். டீ பொங்குது, வச்சிடறேன்.”

அந்தச் செய்தி கணவருடைய பேருந்து டிப்போவில் ஓட்டுநர்களிடம் போய், அவர்களிடமிருந்து ஊரெல்லாம் போனது. அடுத்த ஞாயிறு முன்பின் தெரியாதவர்கள் விலை அனுப்பினார்கள். ஒரு பல் வைத்தியர், ஒரு கோழிப்பண்ணைக்காரர், ரிட்டையரான கணக்கு டீச்சர். ஒருவர் சொல்வதை இன்னொருவரிடம் கேட்டுச் சரிபார்க்க அவள் கற்றுக்கொண்டாள். ஒரு ஞாயிறு, வெள்ளத்தில் மூழ்கின இரண்டு வண்டிகளின் விலையை நல்ல வண்டி விலை என்று நம்பிச் சொல்லிவிட்டாள். மறு ஞாயிறு முதல் வார்த்தையே, “போன வாரம் தப்பாச் சொல்லிட்டேன், அந்த ரெண்டு காரும் நீச்சல் அடிச்ச கார்” என்று ஆரம்பித்தாள். கேட்கிறவர்கள் குறைவார்கள் என்று பயந்தாள். கூடித்தான் போனார்கள்.

முதல் கப்பல் வந்து சேர்ந்ததும் சின்னக் கார் விலை படிப்படியாக இல்லாமல் மாடியிலிருந்து விழுகிற மாதிரி விழுந்தது. அப்போதுதான் ஒரு மாலை, கார் வியாபாரிகள் சங்கத்திலிருந்து மூன்று பேர் அவளுடைய வீட்டுக்கு வந்தார்கள். மூவரும் கொஞ்சம் பெருத்த உடம்பு. இரண்டு பேர் உட்காரும் சோபாவில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்தார்கள். எழுந்திருக்க வேண்டுமென்றால் மூவரும் சேர்ந்துதான் எழுந்திருக்க வேண்டும். மகள் தேநீர் கொண்டுவந்து வைத்தாள்.

“எங்க பொழப்பைப் பாத்துட்டுப் பேசும்மா” என்றார் சங்கத் தலைவர். “உன் பேச்சைக் கேட்டுட்டு ஒரு பய யார்டுக்குள்ள கால் வைக்க மாட்டேங்கறான். எல்லாரும் இன்னும் இறங்கும், இன்னும் இறங்கும்னு உக்காந்திருக்காங்க.”

“விலையை நான் இறக்கலைங்களே. இறங்கினதைச் சொல்றேன். மழை பெய்யுதுன்னு சொல்றவளை அடிச்சா மழை நின்னுடுமா?”

“ஊர் வாயை மூட உலைமூடி இல்லைன்னு தெரியும். ஆனா ஊர் வாய்க்கே நீ மைக் வச்சுக் கொடுக்கறியே!”

அவளுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். அவர் சொன்னதில் ஒரு பாதி உண்மை என்பதும் உறைத்தது. இந்த மூன்று பேருக்கும் வீடு இருக்கிறது, பிள்ளைகள் இருக்கிறார்கள். “இறங்கினா இறங்குதுன்னு சொல்ற மாதிரி, நின்னா நின்னுடுச்சுன்னும் சொல்வேன். ஏறினா ஏறுதுன்னும் சொல்வேன். அதுக்கு மேல என்னால முடியாது” என்றாள். பேச்சு அதோடு முடிந்தது. மூவரும் ஒருவர் தோளை ஒருவர் பிடித்து எழுந்தார்கள். கடைசியாக வாசலைத் தாண்டியவர் மற்ற இருவரும் படி இறங்கும்வரை தாமதித்து, மெல்லத் திரும்பி, “ஏம்மா, நீல டீசல் வண்டி ஒண்ணு வச்சிருக்கேன். நெசமாவே இப்ப என்ன போகும்?” என்று கேட்டார்.

அந்த மூவரில் அண்ணன் இல்லை. அவரிடமிருந்து ஒரு வார்த்தையும் வரவில்லை. ஆனால் அண்ணி ஒரு நாள் காய்கறிக் கடையில் பார்த்து அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “பேப்பர்ல வர்றதுக்குள்ள நாலு வண்டிதான் தள்ள முடிஞ்சுது, அப்புறம் ஒண்ணும் போகலைம்மா. விலையைக் குறைக்கவும் மாட்டேங்கறாரு. ஆள் எல்லாரையும் நிறுத்திட்டாரு. காலையில இருந்து சாயந்தரம் வரைக்கும் தானே துணியைப் பிடிச்சு ஒவ்வொரு காரா தொடச்சிட்டிருக்காரு. உன் பேரை எடுத்தா எழுந்து போயிடறாரு. நீ வந்து பாரேன்.”

மறுநாள் மதியம் போனாள். பிளாஸ்டிக் கொடிகள் வெளுத்துக் கிழிந்திருந்தன. இரண்டு மனை நிறைய கார்கள், நடக்கக்கூட இடமில்லை. சாம்பல் நிறக் கார் ஒன்றின் சக்கரத்தடியில் குந்தி உட்கார்ந்து அண்ணன் வாளித் தண்ணீரால் கழுவிக்கொண்டிருந்தார். தலையில் நரை கூடியிருந்தது. நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடியும் குனிந்துகொண்டார். அவள் பேசாமல் இன்னொரு துணியை எடுத்து நனைத்து அடுத்த சக்கரத்தில் உட்கார்ந்தாள். அந்தக் காரை இருவரும் சேர்ந்து கழுவி முடித்தார்கள்.

“ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை கேக்கறேன்” என்றார் அண்ணன் கடைசியில். “ஒரு வாரம் விட்டதில்லை.”

அவள் துணியைப் பிழிந்து வாளியின் விளிம்பில் போட்டாள்.

“ஒண்ணு கேக்கறேன், செய்வியா?”

“சொல்லுங்கண்ணா.”

“ஒரே ஒரு வாரம். இறங்கறது நின்னுடுச்சு, இனி ஏறப் போகுதுன்னு சொல்லு. ஊரே நீ சொன்னா நம்புது. அந்த ஒரு வாரத்துல நான் பாதியைத் தள்ளிடுவேன். அப்புறம் நீ பாட்டுக்கு உண்மையைச் சொல்லிக்கோ.”

வாளியில் அழுக்குத் தண்ணீர் ஆடி அடங்கியது. தன் மகளின் படிப்பு, அவர் வாங்கித் தந்த குளிர்சாதனப் பெட்டி, கணவருக்குக் கால் முறிந்தபோது ஆஸ்பத்திரியில் காத்துக்கிடந்த இந்த மனிதர், எல்லாம் அவள் கண்முன் வந்து நின்றன. கேட்டது வேறு யாராவது என்றால் பதில் சுலபம்.

“அண்ணா, அந்த ஒரு வாரம் வாங்கறவங்க யாரு? எல்லாரும் அந்தக் கேக்காரம்மா மாதிரிதானே இருப்பாங்க.” அவர் கையிலிருந்த துணியை வாங்கிக்கொண்டாள். “இத்தனை வருஷம் கொடுத்த சம்பளத்தைத் திருப்பிக் கேளுங்க, கொடுக்கறேன். இங்க வந்து சும்மா வேலை செய்யச் சொல்லுங்க, செய்யறேன். இது மட்டும் வேண்டாம்.”

அண்ணன் வாளித் தண்ணீரைச் சாய்த்துக் கொட்டினார். “நீ இப்படித்தான் சொல்வேன்னு தெரியும்” என்றார். “கேக்காம இருக்க முடியலை.”

கோபம் அதோடு வடிந்துவிட்டது போலிருந்தது. அவள் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு சொல்ல வந்ததைச் சொன்னாள். விலை ஏறுகிற காலத்தில் சரக்கைக் கட்டி வைத்தவன் பிழைத்தான். இறங்குகிற காலத்தில் முதலில் கையை உதறினவன் பிழைப்பான். இத்தனை வருஷமாகக் கார் வாங்க முடியாமல் ஏங்கிக் கிடந்த ஜனங்கள் எத்தனை பேர்! புதுசாக இறங்குகிற காரும் அவர்களுக்கு எட்டாக்கனிதான். விலை மட்டும் அவர்களுக்கு எட்டுகிற இடத்துக்கு வந்தால் கூட்டம் தானாக வரும். “கைகுலுக்கற விலையையே கண்ணாடியில ஒட்டிடுங்க. பேரம் கிடையாது. வண்டியில என்ன குறைன்னும் கீழயே எழுதிடுங்க.”

“போட்ட முதல்ல மூணுல ஒரு பங்கு போயிடும்.”

“இப்ப போனா ஒரு பங்கு. இன்னும் நாலு மாசம் தொடச்சிட்டே இருந்தா பாதி.”

“ஆத்துல போட்டாலும் அளந்து போடணும்னு நம்ம அப்பா சொல்வாரு. நீ அள்ளிக் கொட்டச் சொல்றே” என்றார். ஆனால் முகத்தில் பழைய கேலி கொஞ்சம் திரும்பியிருந்தது. “என் யார்டைப் பத்தி உன் செய்தியில சொல்வியா?”

“சொல்ல மாட்டேன். நாலு பேர் விலையோட உங்க விலையும் ஒண்ணு, அவ்வளவுதான்.”

“கல்நெஞ்சக்காரி” என்றார் அண்ணன்.

அவர் உடனே ஒன்றும் செய்துவிடவில்லை. ஒரு வாரம் யோசித்தார். பிறகு ஒரு காலையில் யார்டுக்குப் போய், பழைய அட்டைகளை எல்லாம் கண்ணாடியிலிருந்து சுரண்டி எடுத்தார். கீறலிருந்த இடத்தில் கீறலென்றும், ஏசி மெதுவாகக் குளிரும் என்றும், பின்கதவை இரண்டு தடவை சாத்த வேண்டும் என்றும் கொட்டை எழுத்தில் எழுதி ஒட்டினார். பக்கத்து யார்டுக்காரர்கள் அவருக்கு மூளை குழம்பிவிட்டது என்றார்கள். முதல் மூன்று நாள் வந்தவர்கள் படித்துவிட்டு, சிரித்துவிட்டுப் போனார்கள். நான்காம் நாள் ஒரு தபால்காரரும் அவர் மனைவியும் பின்கதவை இரண்டு தடவை சாத்தவேண்டிய காரை வாங்கினார்கள். “எங்க வீட்டுக் கதவும் அப்படித்தான், பழகிப்போச்சு” என்றாள் அந்த அம்மாள். அதற்குப் பிறகு கூட்டம் வரத் தொடங்கியது. பெரும்பாலும் முதல் கார் வாங்குகிறவர்கள். ஸ்டியரிங்கைத் தொட்டுப் பார்த்துவிட்டுக் கையை எடுக்க மனமில்லாமல் உட்கார்ந்திருப்பவர்கள். அண்ணனுக்கு நஷ்டம் நஷ்டம்தான், அது கணக்கில் நின்றது. இரண்டாவது மனையைத் திருப்பிக் கொடுத்தார். ஆனால் கையில் வந்த பணத்தைக் கொண்டு இறங்கின விலையில் வாங்கி, வாங்கின வாரத்திலேயே விற்றார். ஒரு வண்டியில் முன்பு பார்த்த லாபத்தை இப்போது ஐந்து வண்டியில் பார்க்க வேண்டியிருந்தது. ஐந்து வண்டி போனது.

சில மாதம் கழித்து ஒரு ஞாயிறு, அவளுக்கு வந்த விலைகளைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள். சந்தேகமே இல்லை. சின்னக் கார் விலை தொடர்ந்து பல வாரமாக அதே இடத்தில் நின்றது. துறைமுகத்தில் ஒரு பொட்டு ஏறியும் இருந்தது. இறங்கித் தீர்ந்துவிட்டது என்று சொல்லவேண்டிய நேரம். ஆனால் இப்போது சொன்னால் என்ன பேசுவார்கள்? அண்ணனுக்காகச் சொல்கிறாள் என்பார்கள். சொல்லாமல் விட்டால் அது இன்னொரு பொய்.

“என்ன, ஸ்டேஷன் திறக்கலையா?” என்றார் கணவர்.

அவள் போனை எடுத்தாள். “வணக்கம். முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். என் கூடப்பிறந்த அண்ணனுக்கு ஒரு யார்டு இருக்கு. தெரியாதவங்க தெரிஞ்சுக்குங்க. இப்ப விலைக்கு வர்றேன். இறங்கினது நின்னுடுச்சுன்னு எனக்குத் தோணுது. நம்பணும்னு இல்லை. உங்க ஊர்ல நீங்களே நாலு பேரைக் கேளுங்க, கேட்டு எனக்கும் சொல்லுங்க.”

பேசத்தான் செய்தார்கள். அண்ணனும் தங்கையும் சேர்ந்து நாடகம் ஆடுகிறார்கள் என்று ஒருவர் செய்தி அனுப்பினார். ஆனால் அந்த வாரம் முழுக்க அவள் இதுவரை கேட்டிராத ஊர்களிலிருந்தெல்லாம் விலை வந்துகொண்டே இருந்தது. கேட்டுப் பார்த்தவர்களே சொன்னார்கள், நின்றுவிட்டது உண்மைதான் என்று. உறைக்குள் தூங்கிக்கொண்டிருந்த கார்கள் வெளியே வந்தன. வக்கீல் பேருந்தில் வருவது நின்றது. கேக்காரம்மாவும் அப்போதுதான் வாங்கினாள். சிவப்பு இல்லை, வெள்ளை. அதுவும் அண்ணனிடம் இல்லை, எதிர் யார்டில். “தனக்காக ஒருத்தி வேலையை விட்ட கதையெல்லாம் கேட்டுட்டு, கடைசியில அங்க போய் வாங்கியிருக்கா பாரு” என்று அண்ணன் ஒரு வாரம் புலம்பினார். அந்தச் சாலையிலேயே இரண்டாயிரம் குறைவாகவும் முடிந்திருக்கிறது என்று ஞாயிற்றுக்கிழமை சொன்னவள் தன் தங்கைதான் என்பது அவருக்கு ஞாபகம் வந்ததும் புலம்பலை நிறுத்திக்கொண்டார்.

அவள் யார்டுக்குத் திரும்பிப் போகவில்லை. அண்ணன் கூப்பிட்டார், அவளுக்கும் ஆசை இருந்தது. ஆனால் ஒரு யார்டில் உட்கார்ந்துகொண்டு எல்லா யார்டின் விலையையும் சொல்ல முடியாது என்பது இருவருக்குமே தெரிந்திருந்தது. இப்போது கார் வாங்கப் போகிறவர்கள் அவளைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு போகிறார்கள். பேரம் பேசத் தெரியாதவர்களுக்காகப் பேசிக்கொடுப்பாள். அதற்கென்று ஒரு சின்னத் தொகை. பழைய சம்பளத்தை எட்டிவிட்டது என்று சொல்ல முடியாது, ஆனால் குடும்பம் நடக்கிறது. மகள் கல்லூரியை முடித்து, வருகிற விலைகளை எல்லாம் கோடு கோடாகப் படம் போட்டுத் தருகிறாள். சங்கத் தலைவர் ஒரு கூட்டத்தில் அவளைப் பேச அழைத்தார். போய்ப் பேசினாள். அவர்களுக்கும் இப்போது அது வேண்டியிருக்கிறது. வாங்குகிறவன் பயமில்லாமல் வாங்கினால்தான் விற்கிறவனுக்கும் பொழுது விடியும் என்று அவர்களே கண்டுகொண்டார்கள்.

போன ஞாயிறு அவள் பதிந்து முடிக்கும் நேரத்தில் மலைப்பக்கத்திலிருந்து ஒரு போன் வந்தது. பேசியது ஒரு நர்ஸ்.

“அக்கா, கரண்ட் கார் ஒண்ணு வித்தேன். பழசு. எங்க ஊர்ல இதுவரைக்கும் யாரும் வித்ததில்லை. என்ன விலை சொல்றதுன்னே தெரியாம வாய்க்கு வந்ததைச் சொல்லி முடிச்சுட்டேன். கம்மியா, ஜாஸ்தியா?”

அவளுக்கும் தெரியவில்லை. பேட்டரி பழசானால் கார் விலையில் எவ்வளவு குறைப்பது என்று நாட்டில் யாருக்குமே இன்னும் தெரியாது. யோசித்துப் பார்த்தபோது அது வருத்தமாக இல்லை, உற்சாகமாக இருந்தது.

“எனக்கும் தெரியாதும்மா” என்றாள். “கேட்டுத்தான் தெரிஞ்சுக்கணும். இரு, அடுப்பை அணைச்சுட்டு வர்றேன். எத்தனை வருஷ வண்டி, ஒரு சார்ஜுக்கு எவ்வளவு தூரம் போகும், எல்லாம் முதல்ல இருந்து சொல்லு.”